மாமா பதில்கள்: பெற்றோல் செட்டும் முழக்கோலும்

பெற்றோல் செட்டுக்கு அனுமதி கொடுப்பது, மறுப்பது பற்றிக் கேள்வி அனுப்புங்கள் என்று போன இதழில் கேட்டிருந்தேன். கட்டுக்கட்டாக வந்திருக்கின்றன. கடிதங்களைப் பிரிக்குமுன் சுருட்டை அணைத்தேன். அணைக்கச் சொன்னது மாமி. எங்கள் வீட்டில் அனுமதி அதிகாரி அவர்தான், மேன்முறையீடு கிடையாது.

● முச்சந்திக் காணிக்காரர், பாலையூற்று: எட்டுப் பேர்ச் காணி, இரண்டு பக்கம் வீதி. பெற்றோல் செட் போட்டால் எப்படி மாமா?

பவுசர் தாராளமாக உள்ளே வரும். வெளியே போகத்தான் உங்கள் குசினியை உடைக்கவேண்டும். அதற்குமுன் எரிபொருள் நிறுவனம், உள்ளூர்ச் சபை, நகர அபிவிருத்தி அதிகார சபை, வீதிக்காரர், சுற்றாடல்காரர் என்று ஒரு வரிசை இருக்கிறது. எல்லாருடைய கையெழுத்தையும் அருகருகே வைத்தாலே எட்டுப் பேர்ச் நிரம்பிவிடும்.

● "என் காணி, என் காசு", உவர்மலை: எனக்குப் பிடித்த தொழிலை நான் செய்ய இவர்கள் யார் தடுக்க?

அரசியலமைப்பின் 14ஆம் உறுப்புரை சட்டபூர்வமான எந்தத் தொழிலையும் செய்ய உங்களுக்குச் சுதந்திரம் தருகிறது. பக்கத்தைப் புரட்டினால் 15ஆம் உறுப்புரை. பொது ஒழுங்கு, பொதுச் சுகாதாரம், பொதுநலம் போன்றவற்றுக்காக அந்தச் சுதந்திரத்துக்குச் சட்டம் கடிவாளம் போடலாம் என்கிறது. உங்கள் காணியில் முருங்கை நட்டால் ஒருவரும் கேட்கமாட்டார். காய் மட்டும்தான் அடுத்த வீட்டுக்குப் போகும். பெற்றோல் ஆவி, நெருப்பையும் கூட்டிக்கொண்டு போகும்.

● சட்டக் கல்லூரிக் கனவு, கந்தளாய்: இலங்கையில் இதற்கான மூலச் சட்டம் எது?

பெற்றோலியம் கட்டளைச் சட்டம், 1887ஆம் ஆண்டின் 6ஆம் இலக்கம். ஜெர்மனியில் பெர்த்தா பென்ஸ் அம்மையார் கணவருக்குத் தெரியாமல் காரை எடுத்துக்கொண்டு ஊர்போனதும், வழியில் மருந்துக்கடையில் எரிபொருள் வாங்கியதும் 1888இல். அதாவது கார் ஒழுங்காக ஓடமுன்பே இங்கே சட்டம் ஓடத் தொடங்கிவிட்டது. அன்று பயம், விளக்குக்கு ஊற்றும் எண்ணெயைப் பற்றி. நமது நாட்டில் சட்டம் ஒருமுறை முந்திக்கொண்டது என்றால் அது இதுதான்.

● அதே வாசகர்: அதற்குப் பிறகு ஒன்றுமே இல்லையா?

ஏன் இல்லை? 1961இல் 28ஆம் இலக்கச் சட்டத்தால் பெற்றோலியக் கூட்டுத்தாபனம் பிறந்தது. 2002இல் 33ஆம் இலக்கச் சட்டம் மற்றவர்களுக்கும் கதவைத் திறந்தது. 2022இல் அந்தச் சட்டத்தைத் திருத்திக் கதவை இன்னும் அகலமாக்கினார்கள். சுற்றாடலுக்கு 1980இன் 47ஆம் இலக்கம். சட்டம் தாங்கி நிறைய இருக்கிறது. பம்ப் செய்பவர்தான் அடிக்கடி சாப்பாட்டுக்குப் போய்விடுகிறார்.

● லொறிச் சாரதி, தம்பலகாமம்: பெற்றோலா, டீசலா அதிகம் பொல்லாதது?

பெற்றோல். பூச்சியத்துக்குக் கீழே சுமார் 40 பாகைக் குளிரிலும் அது தீப்பற்றும் ஆவியை விடும். டீசலுக்கு 50 பாகைக்கு மேல் சூடு வேண்டும். போதாக்குறைக்குப் பெற்றோல் ஆவி காற்றைவிடக் கனமானது. மேலே பறந்து தொலையாமல் தரையோடு தரையாகக் கானுக்குள் இறங்கி, நெருப்பு இருக்கும் இடத்தைத் தேடிப்போகும். டீசல் முகத்துக்கு நேரே சண்டைக்கு வரும் ஆள். பெற்றோல், வேலிக்குக் கீழால் வரும் ஆள்.

● அதிபர் (ஓய்வு), மட்டிக்களி: பள்ளிக்கூடத்திலிருந்து எவ்வளவு தூரத்தில் செட் இருக்கவேண்டும்?

பாக்குநீரிணைக்கு அந்தப் பக்கம் இதற்கு இலக்கத்தோடு விடை எழுதியிருக்கிறார்கள். இந்தியாவின் மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் 2020 ஜனவரியில் வகுத்த நெறி: புதிய பெற்றோல் நிலையம் பள்ளி, பத்துக் கட்டிலுக்குக் குறையாத மருத்துவமனை, குடியிருப்புப் பகுதி ஆகியவற்றிலிருந்து 50 மீற்றர் தள்ளி இருக்கவேண்டும். இடநெருக்கடி என்றால் மேலதிகப் பாதுகாப்பு ஏற்பாட்டோடு குறைக்கலாம். ஆனாலும் 30 மீற்றருக்குக் கீழே இறங்கக் கூடாது. தலைக்குமேல் உயரழுத்த மின்கம்பியும் கூடாது. மாணவர் சித்தியடைய 35 புள்ளி, செட் சித்தியடைய 30 மீற்றர்.

● அதே அதிபர்: 50 மீற்றரை எங்கிருந்து எங்கே அளப்பது?

கணித ஆசிரியராகத்தான் இருந்திருப்பீர்கள்! வழக்கே இந்த இடத்தில்தான் பிறக்கிறது. மதிலிலிருந்தா, வாசலிலிருந்தா, பெயர்ப்பலகையிலிருந்தா? எரிபொருள் ஊற்றும் பம்ப், பவுசர் இறக்கும் வாய், ஆவி வெளியேறும் குழாய், இந்த மூன்றில் எது கிட்டவோ அதிலிருந்து என்று அந்த நெறி சொல்கிறது. நெருப்பு பெயர்ப்பலகையை வாசித்துவிட்டுப் புறப்படுவதில்லையே.

● விண்ணப்பித்து வாடியவர், நிலாவெளி: "மக்கள் பாதுகாப்புக் கருதி நிராகரிக்கப்பட்டது" என்று ஒரே வரியில் பதில் வந்தது. வாயை மூடவேண்டியதுதானா?

திறவுங்கள். பாதுகாப்பு என்பது நல்ல காரணம், ஆனால் அது தனியாக வரக் கூடாது. அளவுகோலைக் கையில் பிடித்துக்கொண்டு வரவேண்டும். எந்த விதி, எத்தனை மீற்றர், எந்த ஆபத்து? இதைச் சொல்லாமல், உங்களையும் கேளாமல் ஒரு மறுப்பு வந்தால் அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரைப்படி மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை கேட்கலாம். சம்பந்தமில்லாத விடயத்தை மனத்தில் வைத்து எடுத்த முடிவை நீதிமன்றம் வெட்டிவிடும். ஆனால் செட்டை நீதிமன்றமே கட்டித் தராது. "திரும்ப யோசி" என்று கோப்பை அதே மேசைக்கு அனுப்பும். அந்த மேசையில் அதே சேர் இருப்பார். சிரித்தபடி போங்கள்.

● உலக நடப்பு ரசிகர், ஓர்ஸ்ஹில்: வெளிநாட்டு நீதிமன்றங்கள் என்ன சொல்கின்றன?

அமெரிக்காவில் ஆர்க்கன்சாஸ் மாநிலத்தில் ஹோப் என்று ஒரு சின்ன நகரம். வீடுகளிலிருந்து 300 அடிக்குள் எண்ணெய்க் கிடங்கு வைக்கக் கூடாது என்று விதி போட்டது. "எங்கள் தாங்கிகள் பத்திரமானவை, ரயில் பாதைக்கு வசதியான வேறு இடமும் இல்லை" என்று பியர்ஸ் எண்ணெய்க் கம்பனி உச்ச நீதிமன்றம்வரை போனது. 1919இல் ஹோப் வென்றது. வசதி கம்பனிக்கு, வெடி ஊருக்கு என்றால் ஊரின் பேச்சுத்தான் எடுபடும். ஹோப் என்றால் நம்பிக்கை. பிறகு அதே ஊர் பில் கிளின்டனைப் பெற்றது. எல்லா ஆபத்தையும் தூரத்தை வைத்துத் தடுக்கமுடியாது.

● பழைய செட் முதலாளி, நகரம்: எனக்கு முன்னால் புதுச் செட் வருகிறது. மக்கள் பாதுகாப்பை நினைத்தால் தூக்கமே வரவில்லை மாமா.

இத்தனை வருடமாக நன்றாகத் தூங்கியவர் நீங்கள்! சரி, நீதி பேசுவோம். உங்கள் மனத்தில் கள்ளம் இருந்தாலும் உங்கள் முழக்கோலில் கள்ளம் இல்லையென்றால் ஆட்சேபம் ஆட்சேபம்தான். "பள்ளிக்குக் கிட்ட" என்று சொல்லுங்கள், கேட்பார்கள். "என் வியாபாரம் படுக்கும்" என்பது பாதுகாப்புக் காரணத்துக்குள் அடங்காது. அளக்கும் நாடாவை மட்டும் கவனமாகப் பிடியுங்கள். அதன் மறுமுனை உங்கள் செட்டையும் தொடக்கூடும்.

● அயல்வீட்டுக்காரர், உப்புவெளி: செட் முதலில் வந்தது, வீடுகள் பிறகு வந்தன. இப்போது யார் தள்ளிப்போவது?

எல்லா ஊரிலும் இதே கதைதான். முதலில் செட். அதன் வெளிச்சத்துக்கு ஒரு தேநீர்க்கடை. தேநீர்க்கடைக்குப் பக்கத்தில் ஒரு ரியூசன் கொட்டில். கடைசியாக "எங்கள் பிள்ளைகளின் உயிரோடு விளையாடாதே" என்ற பதாகை. செட்டுக்கு அனுமதி கொடுக்கும்போது வீட்டைப் பார்க்கும் சபை, வீட்டு வரைபடத்துக்கு முத்திரை குத்தும்போது செட்டையும் பார்க்கவேண்டும். இடைவெளி என்பது இரண்டு பக்கமும் காவல்காக்கவேண்டிய கோட்டை. ஒரு பக்கம் மட்டும் சிப்பாய் நின்றால் அது நம் ஊர்ப் பிரெட்ரிக் கோட்டை ஆகாது; படம் எடுக்கும் இடம்தான்.

● கோயில் தொண்டர்: செட்டுக்குப் பக்கத்துக் கோயிலில் வாணவேடிக்கை விடலாமா?

சுவாமியைச் சுற்றி வரும் ஒளி செட்டையும் சுற்றக் கூடாது. தூரமாகக் கடற்கரைக்குக் கொண்டுபோங்கள். கடலுக்குத் தீப்பற்றாது, சுவாமிக்கும் கண்பார்வை நன்றாக இருக்கிறது.

● விளம்பரப் பலகைக் கலைஞர்: செட்டில் பெரிய பலகை மாட்டினால் என்ன ஆபத்து? அது எரிகிறதா, வெடிக்கிறதா?

விழுகிறது. 2024 மே 13, மும்பையின் காட்கோபர். புழுதிப் புயலில் ஓர் இராட்சத விளம்பரப் பலகை பெற்றோல் நிலையத்தின்மேல் சாய்ந்து 17 பேர் இறந்தார்கள். 40 அடிக்கு 40 அடிதான் அனுமதி. அது 120க்கு 120. பரப்பில் ஒன்பது மடங்கு. மழைக்கு ஒதுங்கவும் பெற்றோல் அடிக்கவும் வந்தவர்களைப் பெற்றோல் ஒன்றும் செய்யவில்லை. அனுமதியைத் தாண்டிய இரும்பு கொன்றது.

● மழைக்காலக் கவலை, மூதூர்: வெள்ளம் வந்தால் செட்டுக்கு என்ன ஆகும்?

கானாவின் தலைநகர் அக்ராவைக் கேளுங்கள். 2015 ஜூன் 3 இரவு, பெருமழை. குவாமே இன்க்ருமா சுற்றுவட்டத்துக்குப் பக்கத்துப் பெற்றோல் நிலையத்தில் மக்கள் ஒதுங்கி நின்றார்கள். வெள்ளத்தில் எரிபொருள் மிதந்தது, நெருப்பு அதன்மேல் நடந்தது. 150 பேருக்குமேல் போனார்கள். நமக்கு வடகீழ்ப் பருவமழை ஆண்டுதோறும் சொல்லிக்கொண்டே வருகிறது. ஆகவே இடம் பார்க்கிறவர் ஆடி மாத வெயிலில் வரக் கூடாது. கார்த்திகையில், குடையோடு, முழங்காலளவு தண்ணீரில் நின்று கையெழுத்துப் போடட்டும்.

● கிணற்றுத் தண்ணீர் குடிப்பவர், கன்னியா வீதி: நிலத்துக்குக் கீழே தாங்கி ஒழுகினால் யாருக்குத் தெரியும்?

முதலில் உங்கள் வாளிக்குத் தெரியும். சுன்னாகத்தாரைக் கேளுங்கள். மின்நிலையத்துக் கழிவெண்ணெய் கிணறுகளில் கலந்ததென்று வழக்கு நடந்து, 2019 ஏப்ரலில் உயர் நீதிமன்றம் நொதேர்ன் பவர் நிறுவனத்தை 2 கோடி ரூபா இழப்பீடு கட்டச் சொன்னது. அனுமதி கொடுத்த நாளோடு அதிகாரிகளின் கடமை முடிந்துவிடுவதில்லை என்பது அந்த வழக்கின் பாடம். நெருப்பு ஒரு நாளில் தெரியும். ஒழுக்கு பத்து வருடம் பதுங்கியிருக்கும். பாதுகாப்பு என்றால் தீயணைப்புக் கருவி மட்டும் என்று நினைப்பவர், கிணற்றுக்குள்ளும் ஒருதரம் எட்டிப் பார்க்கட்டும்.

● பொறியியல் மாணவி, கிண்ணியா: செட்டில் கைபேசி பேசினால் தீப்பிடிக்குமா?

தீ மூட்டும் ஆள் பெரும்பாலும் நிலைமின். பம்பை மாட்டிவிட்டு ஆசனத்தில் ஏறி உரசி இறங்கி, கையால் மறுபடி தொட்டால் பொறி. கைபேசி குற்றவாளி என்பதற்குச் சாட்சி பலவீனம். ஆனாலும் தடைப்பலகை தொங்கியது. பிறகு எரிபொருள் தட்டுப்பாட்டோடு 2022 வந்தது. அதே பலகைக்குக் கீழே நின்று கைபேசியில் கியூஆர் குறியீட்டைக் காட்டினால்தான் பெற்றோல் என்றார்கள்! 2023 செப்டெம்பர் 1 வரை காட்டினோம். விதியை உடைக்கச் சொல்லி அரசாங்கமே வரிசையில் நிறுத்திய ஒரே விதி அது.

● கடலுக்குப் போகிறவர், கிண்ணியா: வள்ளத்துக்கு மண்ணெண்ணெய் வீட்டில் பரலில் வைத்திருக்கிறேன். நானும் குற்றவாளியா?

2022 ஓகஸ்ட்டில் லீற்றர் 87 ரூபாவிலிருந்து 340 ஆகத் தாவியதே, அதைப் பார்த்தவர் பரலில் சேர்க்காமல் என்ன செய்வார்? உங்கள் பயம் புரிகிறது. ஆனால் 1887ஆம் ஆண்டுச் சட்டம் பயந்ததும் இதே பரலைப் பார்த்துத்தான். அளவுக்குமேல் வைத்திருக்க உரிமம் கேட்பது அதனால்தான். செட் வேண்டாம் என்று கடற்கரையில் மறுத்துவிட்டால் ஆபத்து ஒழியாது, வீடுவீடாகப் பிரிந்து குடியேறும். நியாயமான இடத்தில் ஒரு செட், நூறு குசினிப் பரலைவிடப் பத்திரம்.

● பயந்த சுபாவம், சீனக்குடா: நம் ஊரே எண்ணெய்த் தாங்கிகளின்மேல் இருக்கிறதே, இதைவிடவா ஒரு செட் ஆபத்து?

வெள்ளைக்காரன் கப்பற்படைக்காகக் கட்டிய தாங்கிகள். இன்றைய கணக்கில் 99. ஒவ்வொன்றும் சுமார் 12,000 கிலோலீற்றர், அதாவது 1.2 கோடி லீற்றர் கொள்ளும். நிலம் சுமார் 850 ஏக்கர். வகுத்துப் பாருங்கள், தாங்கி ஒன்றுக்கு எட்டரை ஏக்கர். இடையிடையே காடு வளர்ந்துவிட்டது. 1942 ஏப்ரல் 9 யப்பான் விமானங்கள் வந்தபோது ஒரு தாங்கி எரிந்து உருகியது. மற்றவை நின்றன. தூரத்தின் அருமைக்கு இதைவிடப் பெரிய சாட்சி வேண்டுமா? பாலையூற்று எட்டுப் பேர்ச்சுக்காரருக்கு இதை யாராவது வாசித்துக் காட்டுங்கள்.

● கணக்கு வாத்தியார், நகரம்: அந்த 99 தாங்கியும் யாருக்குச் சொந்தம்?

1987 இந்திய இலங்கை உடன்படிக்கையோடு மாற்றிக்கொண்ட கடிதங்களிலேயே கூட்டாகச் சீர்செய்து நடத்துவோம் என்று எழுதினார்கள். 2022 ஜனவரியில் பாகப்பிரிவினை: கூட்டுத்தாபனத்துக்கு 24, இந்தியன் ஒயிலின் பிள்ளையான லங்கா ஐஓசிக்கு 14, இருவரும் சேர்ந்த புதுக் கம்பனிக்கு 61. அந்தக் கம்பனியில் இலங்கைக்கு 51 வீதம், இந்தியாவுக்கு 49. எழுதியதற்கும் பிரித்ததற்கும் நடுவே 35 வருடம். அண்ணன் தம்பி வளவு வழக்கே இதைவிடச் சீக்கிரம் முடிந்திருக்கும்.

● அரசியல் நோக்கர்: சினோபெக்கும் வந்துவிட்டதே?

2023இல் வந்தார்கள், 150 நிலையங்கள் நடத்த. வேடிக்கையைப் பாருங்கள்: தாங்கிகள் நிற்கும் இடத்தின் பெயர் சீனக்குடா, உள்ளே இந்தியன் ஒயில், சீனக் கம்பனியோ வீதியோரத்தில். பலகையின் நிறம் எதுவானாலும் பாதுகாப்பு விதி ஒன்றுதான். பெற்றோல் எரியும்போது கடவுச்சீட்டுக் கேட்பதில்லை.

● சோம்பல் மன்னர், உவர்மலை: நாமே பெற்றோல் அடித்துக்கொள்ளும் முறை இங்கே வருமா?

அமெரிக்காவில் நியூ ஜெர்சி மாநிலம் 1949இலேயே அதைத் தடைசெய்தது. காரணம், பொதுப் பாதுகாப்பு. 1951இல் தடைசெய்த ஓரிகன் 2023இல் மனம் மாறியது. நியூ ஜெர்சி அசையவில்லை. அங்கே சிலர் சொல்வது: பாதுகாத்தது மக்களையல்ல, வேலையை. பாதுகாப்பு என்ற சட்டைக்குள் யார் இருக்கிறார் என்று பொத்தானைத் திறந்து பார்ப்பது நல்லது.

● பிராணி நேசர்: நம் ஊர் மான்கள் செட்டுக்குள்ளேயே உலாவுகின்றனவே?

அவை புகைப்பதில்லை, இயந்திரத்தை ஓடவிட்டு வரிசையில் நிற்பதில்லை, போத்தலில் பெற்றோல் கேட்பதில்லை. செட்டுக்கு வரும் வாடிக்கையாளரில் விதியை முழுமையாகக் கடைப்பிடிப்பவை அவைதான்.

● சந்தேகப் பிராணி, பாலையூற்று: பக்கத்துச் செட்டுக்கு உரிமம் இருக்கிறதா என்று எப்படி அறிவது?

2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம். ஒரு விண்ணப்பம் எழுதுங்கள். காரணம் சொல்லவேண்டியதில்லை. 14 வேலைநாளுக்குள் தருவதா இல்லையா என்று முடிவு சொல்லவேண்டும். அனுமதிப்பத்திரம், சுற்றாடல் உரிமம், கடைசியாகப் பரிசோதித்த திகதி, மூன்றையும் கேளுங்கள். மூன்றாவதைக் கேட்கும்போதுதான் கந்தோரில் மின்விசிறிச் சத்தம் தெளிவாகக் கேட்கும்.

● அதே பிராணி: உடனடி ஆபத்து என்றால்?

1979ஆம் ஆண்டுக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 98ஆம் பிரிவு. பொதுத் தொல்லையை அகற்றும்படி நீதவான் நிபந்தனைக் கட்டளை இடலாம். நெருப்பே பிடித்துவிட்டால் 98ஆம் பிரிவைத் தேடவேண்டாம். ஓடுங்கள்.

● அனுபவசாலி, நகரம்: சேருக்கு ஒரு பொதி கொடுத்தால் 20 மீற்றர் 50 ஆகும் என்கிறார்களே?

கடதாசியில் ஆகும். நிலத்தில் 20தான். தீப்பொறி நிலத்தை அளந்து வரும். கோப்பு வாசிக்கத் தெரியாது அதற்கு.

● எல்லாம் கேட்டு முடித்தவர், திருகோணமலை: கடைசியாக மாமா, கொடுப்பதா, மறுப்பதா? ஒரே வரியில் தீர்ப்பு.

மறுக்கிறவர் எத்தனை மீற்றர் குறைகிறது என்று எழுதட்டும். கொடுக்கிறவர் எத்தனை மீற்றர் இருக்கிறது என்று எழுதட்டும். இலக்கமில்லாத கடிதம் எந்தப் பக்கத்திலிருந்து வந்தாலும் அதைத் திருப்பி அனுப்புங்கள். இரண்டு வரியாகிவிட்டது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

அடுத்த இதழில்: வீட்டுச் சமையல் எரிவாயு. கேள்விகளை அனுப்புமுன் சிலிண்டர் வால்வை மூடிவிட்டு வாருங்கள்.